எண்ணாத புலிகளின் எண்ணிக்கை

2019 ஜூலை 29, உலகப் புலிகள் தினம். லீவில் ஊருக்குப் போயிருந்தேன். இந்தியாவில் 2,967 புலிகள் இருப்பதாகப் பிரதமர் அறிவித்ததை இரவுச் செய்தியில் காட்டினார்கள். சாப்பிட்டுக்கொண்டிருந்த அப்பா நிமிர்ந்து பார்த்தார்.

“அதென்னடா கடைசியில அறுபத்தேழு? ஒண்ணு விடாம எண்ணிட்டாங்களா, இல்ல குத்துமதிப்பா?”

“எண்ணலப்பா. மதிப்பீடு.”

“அப்ப நம்ம அடங்கல் மாதிரின்னு சொல்லு.”

அப்பா கிராம நிர்வாக அலுவலராக இருந்து ஓய்வு பெற்றவர். எந்த சர்வே எண்ணில் என்ன பயிர் நிற்கிறது என்று வயல் வயலாகப் போய்ப் பார்த்து எழுத வேண்டிய பதிவேடுதான் அடங்கல். வேலை நெருக்கடியில் போன வருட அடங்கலைப் பார்த்து இந்த வருடத்து அடங்கலை எழுதியதும் உண்டு என்று அவரே சொல்லியிருக்கிறார். அரசாங்க எண்களின் மேல் அவருக்கு இருக்கும் சந்தேகம் தொழில் அனுபவத்தில் வந்தது.

அன்றைக்கு என்னால் சரியாகப் பதில் சொல்ல முடியவில்லை. எஞ்சினியரிங்கில் ஒரு செமஸ்டர் ப்ராபபிலிட்டி படித்திருக்கிறேன், பாஸ் பண்ணத் தேவையான அளவுக்கு. பிறகு இந்தப் புலிக் கணக்கைத் தேடிப் படிக்க ஆரம்பித்தேன். படிக்கப் படிக்க ஒரு விஷயம் உறுத்திக்கொண்டே இருந்தது. இந்தியா ஒரு காலத்தில் புலிகளை ஒன்று விடாமல் எண்ணியதாகத்தான் சொல்லிக்கொண்டிருந்தது. அந்தக் கணக்குதான் பொய்த்துப் போனது. அதற்கு விலையாக ஒரு காட்டின் புலிகள் முழுவதும் போயின.

*

புலியை எண்ணுவது ஏன் கஷ்டம்? தனியாக வாழும், பெரும்பாலும் இருட்டில் நடமாடும், நாம் அதைப் பார்ப்பதற்கு முன்பே அது நம்மைப் பார்த்துவிட்டு ஒதுங்கிவிடும். ஆனால் நடந்த இடத்தில் தடம் விட்டுப் போகும். ஆணா பெண்ணா, குட்டியா வளர்ந்ததா, எப்போது போனது என்றெல்லாம் தடத்தைப் பார்த்துச் சொல்லக்கூடியவர்கள் காட்டோரத்தில் எப்போதும் இருந்திருக்கிறார்கள். 1930களில் இன்றைய ஜார்க்கண்டில் இருக்கும் பலாமு காட்டில் ஜே.டபிள்யூ. நிக்கல்சன் என்ற வன அதிகாரி, தடங்களை வைத்துப் புலிகளை எண்ணிப் பார்த்தார். அதை ஒழுங்கான முறையாக வகுத்தவர் ஒடிசாவின் சரோஜ் ராஜ் சௌத்ரி. சிமிலிபால் புலிகள் காப்பகத்தின் கள இயக்குநராக இருந்தவர். 1974இல் கைரி ஆற்றங்கரையில் கிடைத்த ஒரு புலிக்குட்டியைத் தன் வீட்டிலேயே வளர்த்தார். அதற்கும் கைரி என்றே பெயர். வீட்டுக்குள் வளைய வரும் புலியின் பாதத்தைத் தினமும் பார்த்த மனிதர் அவர்.

அவருடைய முறை எளிமையானது. நாடு முழுக்க ஒரே காலகட்டத்தில் வனக்காவலர்கள் காட்டுப் பாதைகளில் நடப்பார்கள். புலித் தடம் கண்டால், அதன் மேல் கண்ணாடித் தகடு வைத்து, இடது பின்னங்காலின் உருவத்தை வரைந்து எடுப்பார்கள். நல்ல தடமாக இருந்தால் பாரிஸ் சாந்து ஊற்றி அச்சும் எடுப்பதுண்டு. எல்லாம் ஒரு மேசைக்கு வரும். நீளம், அகலம், விரல்களின் அமைப்பு, கிடைத்த இடம் ஆகியவற்றை ஒப்பிட்டு, இது ஒரு புலி, இது இன்னொரு புலி என்று பிரிப்பார்கள். பிரித்து முடித்தபின் கூட்டினால் மொத்தம் வந்துவிடும்.

1972இல் இப்படி எடுத்த முதல் அகில இந்தியக் கணக்கில் 1,827 புலிகள். அடுத்த வருடம் ஏப்ரல் 1ஆம் தேதி ‘ப்ராஜெக்ட் டைகர்’ ஒன்பது காப்பகங்களோடு ஆரம்பமானது. 1989இல் எண்ணிக்கை 4,334. 2001–02இல் 3,642. எல்லாம் கடைசி இலக்கம் வரை துல்லியம். எதன் பக்கத்திலும் ‘இவ்வளவு கூடவோ குறையவோ இருக்கலாம்’ என்ற வார்த்தை இல்லை.

தடம் படிக்கும் திறமையை நான் குறைத்துப் பேசவில்லை. தான் பிறந்து வளர்ந்த காட்டில் நான்கைந்து புலிகளை ஒரு காவலர் தடத்தை வைத்தே அடையாளம் கண்டுவிடலாம். பிரச்சினை வேறு இடத்தில் இருந்தது. ஒரே புலி ஈர மண்ணில் பதிக்கும் தடம் வேறு, புழுதியில் பதிக்கும் தடம் வேறு. மெதுவாக நடந்தால் ஒரு மாதிரி, வேகமாகப் போனால் இன்னொரு மாதிரி. இரண்டு கைகள் வரைந்தால் இரண்டு படம். அதனால் ஒரு புலி நான்கு புலிகளாகலாம். பாறைக்காட்டில் நடந்த புலி தடமே விடாமல் போகலாம். முதல் தவறு கணக்கைக் கூட்டும், இரண்டாவது குறைக்கும். எது எவ்வளவு என்று கண்டுபிடிக்க அந்த முறைக்குள் வழியே கிடையாது. ஒன்றும் விட்டுப்போகவில்லை என்ற இடத்திலிருந்துதான் அது ஆரம்பிக்கிறது.

*

இதை முதலில் உரக்கச் சொன்னவர்களில் ஒருவர் மெக்கானிக்கல் எஞ்சினியர். பெயர் உல்லாஸ் காரந்த். ‘மண்ணும் மனிதரும்’ நாவல் வழியாகத் தமிழ் வாசகர்களுக்கும் தெரிந்த கன்னட எழுத்தாளர் சிவராம காரந்தின் மகன். எஞ்சினியராகவும் விவசாயியாகவும் பல வருடங்கள் இருந்துவிட்டு, அதையெல்லாம் விட்டு வனவிலங்கு உயிரியல் படிக்கப் போனார். (இந்த வரியை எழுதும்போது எனக்குக் கொஞ்சம் பொறாமை இருந்ததை ஒப்புக்கொள்கிறேன்.)

1980களில் அவர் ஒரு சின்னச் சோதனை செய்தார். அடைத்து வளர்க்கப்பட்ட நான்கு புலிகளின் தடங்களை 33 படங்களாக வரைந்து எடுத்தார். வனவிலங்கு நிர்வாகத்தில் அனுபவம் உள்ள ஆறு பேரிடம் கொடுத்து, இது எத்தனை புலிகளின் தடம் என்று கேட்டார். ஒருவர்கூட நான்கு என்று சொல்லவில்லை. வந்த விடைகளில் மிகக் குறைந்தது ஆறு. அதிகபட்சம் இருபதைத் தாண்டியது. 1987இல் இதைக் கட்டுரையாக வெளியிட்டார்.

எந்தப் பரிசோதனைக் கூடத்திலும் இப்படி ஒரு கருவியைத் தூக்கிப் போட்டிருப்பார்கள். ஆனால் இந்த எண்ணிக்கை கருவி மட்டுமல்ல, மதிப்பெண்ணும் கூட. எண்ணுகிறவரும், எண்ணிக்கை உயர்ந்தால் பாராட்டுப் பெறுகிறவரும் ஒரே துறையில் இருந்தார்கள். கேள்வித்தாள் எழுதியவரே திருத்தவும் செய்தால் பாஸ் சதவீதம் எப்படி இருக்கும்? மேலும் பதினேழு வருடங்கள் தடக் கணக்கு நடந்தது.

*

ராஜஸ்தானின் ஆல்வார் மாவட்டத்தில் இருக்கிறது சரிஸ்கா. தில்லியிலிருந்து காலையில் கிளம்பினால் மதியச் சாப்பாட்டுக்குப் போய்விடலாம். 2004 கணக்கெடுப்பின்படி அங்கே 16 முதல் 18 புலிகள் இருந்தன. 2005 ஜனவரியில் பத்திரிகையாளர் ஜெய் மஜும்தார், அங்கே புலியே கண்ணில் படவில்லை என்று ‘இந்தியன் எக்ஸ்பிரஸ்’ நாளிதழில் எழுதினார். முதலில் மறுத்தார்கள். புலிகள் இடம்பெயர்ந்திருக்கும் என்றார்கள். பிறகு டேராடூனில் உள்ள இந்திய வனவுயிர் நிறுவனத்தின் ஆட்கள் தேடினார்கள். சிபிஐ விசாரித்தது. புலி இல்லை. ஒன்றுகூட இல்லை. வேட்டையாடிகள் ஒவ்வொன்றாக முடித்திருந்தார்கள்.

பிரதமர் மன்மோகன் சிங் சுனிதா நாராயண் தலைமையில் ஒரு புலிப் பணிக்குழுவை நியமித்தார். 2005 ஆகஸ்டில் வந்த அதன் அறிக்கையில் சரிஸ்கா பற்றிய பகுதிதான் என்னை அதிகம் தொந்தரவு செய்தது. அந்தக் காட்டின் காவலர்கள் நேரில் பார்த்ததாகப் பதிந்த புலிகளின் எண்ணிக்கை வருடா வருடம் சரிந்துகொண்டே வந்திருக்கிறது. கணக்கெடுப்பு எண் மட்டும் அந்தச் சரிவைக் காட்டாமல் நின்றிருக்கிறது. இரண்டு தாள்களும் ஒரே அலுவலகத்தில் இருந்தவைதான். பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கத்தான் ஆளில்லை.

படிக்கும்போது என் வேலை ஞாபகம் வந்தது. முன்பு நான் இருந்த ஒரு கம்பெனியில், செயலி எத்தனை தடவை செயலிழக்கிறது என்று காட்டும் டாஷ்போர்டு ஒன்று இருந்தது. வாரக்கணக்கில் பச்சை. ஆனால் கஸ்டமர் கேருக்குப் புகார் வந்துகொண்டே இருந்தது. கடைசியில் பார்த்தால், பழைய போன்களில் செயலி திறக்கும்போதே விழுந்துவிடுகிறது. லாக் அனுப்பும் நிரலே அதற்கப்புறம்தான் ஓடும். விழுந்த போன் எதுவும் தான் விழுந்ததைச் சொல்ல உயிரோடு இல்லை. எங்கள் கணக்கில் பூஜ்யம் என்றால், ‘விழவில்லை’ என்றும் அர்த்தம் கொள்ளலாம், ‘பார்க்கவில்லை’ என்றும் அர்த்தம் கொள்ளலாம். இரண்டையும் பிரித்துப் பார்க்க அந்தத் திரையில் இடமில்லை. எங்களுக்குப் போனது கொஞ்சம் பணமும் ஒரு மீட்டிங்கும். சரிஸ்காவில் போனது ஒரு காட்டின் புலிகள்.

*

அப்படியானால் பார்க்காததை எப்படி எண்ணுவது?

1802இல் பிரெஞ்சு கணிதவியலாளர் லாப்லாஸ் கிட்டத்தட்ட இந்தக் கேள்வியைத்தான் கேட்டார். பிரான்ஸ் முழுவதும் மக்கள்தொகை எடுக்காமல், மொத்த மக்கள்தொகையைச் சொல்ல முடியுமா? முப்பது மாவட்டங்களில் சில ஊர்களைத் தேர்ந்தெடுத்து மக்களை எண்ணச் சொன்னார். மொத்தம் 20,37,615 பேர். அந்த ஊர்களின் பிறப்புப் பதிவேடுகளோடு ஒப்பிட்டதில், வருடத்துக்கு ஒரு பிறப்புக்கு 28.35 பேர் என்ற விகிதம் கிடைத்தது. நாடு முழுக்க வருடத்துக்குப் பத்து லட்சம் பிறப்பு என்றால், மக்கள்தொகை சுமார் 2 கோடியே 83 லட்சம். அதோடு நிறுத்தவில்லை. இந்த விடை எவ்வளவு தூரம் பிசகியிருக்க வாய்ப்புண்டு என்றும் கணக்கிட்டார். என்னைப் பொறுத்தவரை இந்த இரண்டாவது வேலைதான் பெரிய விஷயம்.

அதே நூற்றாண்டின் கடைசியில் டென்மார்க்கின் மீன்வள ஆய்வாளர் பீட்டர்சன், லிம் ஃபியோர்ட் என்ற கடற்கழியில் ஒருவகைத் தட்டை மீன்களுக்கு அடையாளம் கட்டி விட்டு, மறுபடி பிடிபடுபவற்றைக் குறித்தார். 1930இல் அமெரிக்காவின் ஃபிரெடரிக் லிங்கன், காலில் வளையம் மாட்டிய வாத்துகளில் எத்தனை வேட்டைக்காரர்களின் கைக்கு வருகின்றன என்பதை வைத்து, அந்தக் கண்டத்தின் வாத்துகளை மதிப்பிட்டார். இன்று பாடப்புத்தகங்களில் இருவர் பெயரும் சேர்ந்து அந்தச் சூத்திரத்துக்கு இருக்கிறது.

சூத்திரத்தைக் கல்யாண மண்டபத்தில் வைத்துப் புரிந்துகொள்ளலாம். முகூர்த்த நேரத்தில் போட்டோகிராபர் மண்டபத்தில் அங்கங்கே படம் எடுக்கிறார். 100 வெவ்வேறு முகங்கள் பதிவாகின்றன. பிறகு பந்தியில் எடுக்கிறார். 80 முகங்கள். அதில் 20 பேர் முகூர்த்தப் படத்திலும் இருந்தவர்கள். அதாவது பந்தியில் பிடிபட்டவர்களில் கால்வாசி ஏற்கெனவே பிடிபட்டவர்கள். அப்படியானால் முதலில் பிடித்த 100 பேரும் மொத்தக் கூட்டத்தில் கால்வாசிதான் இருக்க வேண்டும். கூட்டம் 400. இதில் 160 பேரைத்தான் கேமரா பார்த்திருக்கிறது. மீதி 240 பேரை அது பார்க்கவே இல்லை, ஆனாலும் அவர்கள் கணக்கில் வந்துவிட்டார்கள்.

எங்கே தவறும் என்பதையும் கல்யாணமே சொல்லும். மாப்பிள்ளையின் தாய்மாமா எல்லாப் படத்திலும் இருப்பார். அப்படி நாலு தாய்மாமாக்கள் இருந்தால், மறுபடி பிடிபடும் விகிதம் ஏறி, கூட்டம் உண்மையைவிடக் குறைவாகத் தெரியும். முகூர்த்தம் முடிந்து சிலர் கிளம்பிவிட்டு, சாப்பாட்டுக்கென்றே சிலர் வந்தால், கூட்டம் அதிகமாகத் தெரியும். ஒரே ஆளை இரண்டு ஆளாக அடையாளம் கண்டாலும் அதிகமாகும். தடக் கணக்கில் நடந்தது கடைசி வகைத் தவறு. ஆனால் இங்கே ஒவ்வொரு தவறுக்கும் பெயர் இருக்கிறது, எந்தப் பக்கம் இழுக்கும் என்று தெரியும், சோதித்துத் திருத்த வழியும் இருக்கிறது.

புலியின் மேல் வளையம் மாட்ட வேண்டிய அவசியம் இல்லை. பிறக்கும்போதே மாட்டிக்கொண்டுதான் வருகிறது. எந்த இரண்டு புலிக்கும் வரி ஒன்றாக இருக்காது. ஒரே புலியின் இடது பக்கமும் வலது பக்கமும்கூட ஒத்துப்போகாது. அதனால் பாதையின் இரு பக்கமும் எதிரெதிராகக் கேமரா வைக்க வேண்டும். 1990களில் காரந்த் நாகரஹொளெ காட்டில் இதைச் செய்து, 1995இல் முடிவுகளை வெளியிட்டார். 1998இல் அமெரிக்கப் புள்ளியியல் சூழலியலாளர் ஜேம்ஸ் நிக்கல்ஸோடு சேர்ந்து, கன்ஹா, காசிரங்கா, நாகரஹொளெ, பெஞ்ச் ஆகிய நான்கு காடுகளின் மதிப்பீட்டைத் தந்தார். நூறு சதுர கிலோமீட்டருக்குப் பெஞ்சில் சுமார் 4 புலிகள், காசிரங்காவில் சுமார் 17. காட்டுக்குக் காடு நான்கு மடங்கு வித்தியாசம்.

*

‘ஒரு பானைச் சோற்றுக்கு ஒரு சோறு பதம்’ என்று நாம் சொல்வதெல்லாம் பானைக்குள் சோறு ஒரே மாதிரி வெந்திருந்தால்தான். காடு அப்படி வேகாது. நீர்நிலை ஓரத்தில் மான்கள் நெருக்கம், புலியும் நெருக்கம். ஊரை ஒட்டிய பக்கம் மாடு மேய்ந்து காய்ந்து கிடக்கும். எந்தச் சோற்றை எடுக்கிறோம் என்பதுதான் பதத்தைத் தீர்மானிக்கும்.

இதை என்னைவிட அப்பாவுக்கு நன்றாகத் தெரியும். நெல் விளைச்சலைக் கணிக்கப் பயிர் அறுவடைப் பரிசோதனை என்று ஒன்று நடக்கும். சமவாய்ப்பு எண்களை வைத்து எந்த சர்வே எண், அந்த வயலில் எந்த இடம் என்று தீர்மானித்து, ஐந்துக்கு ஐந்து மீட்டர் சதுரத்தை மட்டும் அறுத்து எடை போடுவார்கள். மஹலநோபிஸ், சுகாத்மே போன்றவர்கள் 1940களில் எவ்வளவு பெரிய சதுரம் அறுக்க வேண்டும் என்று சண்டை போட்டு வளர்த்தெடுத்த விஷயம் அது.

“அந்த நம்பர் எப்பவும் வசமான வயலைக் காட்டாதுடா,” என்று அப்பா ஒருமுறை சொன்னார். “ரோட்டோரம் நல்லா வெளஞ்ச வயல் இருக்கும். வண்டிய நிறுத்தி அஞ்சு நிமிஷத்துல அறுத்துட்டுப் போயிடலாம். ஆனா நம்பர் உள்ளுக்குள்ள ஒரு மூலைய காட்டும். வாய்க்காலத் தாண்டி நடக்கணும்.”

வாய்க்காலைத் தாண்டி நடப்பதற்குத்தான் அந்த எண். நம் சௌகரியம் முடிவெடுக்கக் கூடாது என்பதற்காக முடிவை ஓர் அட்டவணையிடம் கொடுத்துவிடுகிறோம்.

சரிஸ்காவுக்குப் பிறகு 2006இல் வந்த புதிய தேசிய மதிப்பீட்டு முறையும் இதே தர்க்கத்தில் வளர்ந்தது. முதலில் காடுகளெல்லாம் பீட் பீட்டாக நடந்து பார்க்கப்படும். தடம், எச்சம், மரத்தில் கீறல், இரை விலங்குகள் எல்லாவற்றையும் காவலர்கள் குறிப்பார்கள். பிறகு தேர்ந்தெடுத்த பகுதிகளில் கேமரா. இப்போதெல்லாம் காட்டை 2 சதுர கிலோமீட்டர் கட்டங்களாகப் பிரித்து, கட்டத்துக்கு ஒரு ஜோடி வைக்கிறார்கள். கட்டத்துக்குள் புலி நடக்கும் பாதையைப் பார்த்து வைக்கலாம், ஆனால் தூரம் என்பதற்காக ஒரு கட்டத்தை விட்டுவிட முடியாது. 2018 மதிப்பீட்டில் காவலர்கள் நடந்த தூரம் 5,22,996 கிலோமீட்டர். கேமரா வைத்த இடங்கள் 26,838. பதிவான படங்கள் 3.48 கோடிக்கும் மேல். அதில் புலி இருந்தவை 76,651.

எனக்குப் பிடித்த இடம் ஒன்று இதில் உண்டு. தடம் படிக்கும் காவலர்கள் இந்த முறையிலும் இருக்கிறார்கள். ஆனால் அவர்களிடம் ‘இது எந்தப் புலி?’ என்று இப்போது யாரும் கேட்பதில்லை. ‘இங்கே புலி போயிருக்கிறதா?’ என்றுதான் கேட்கிறார்கள். அந்தக் கேள்விக்கு அவர்களைவிட நன்றாகப் பதில் சொல்ல யாராலும் முடியாது.

*

புதிய முறையின் முதல் விடை 2008 பிப்ரவரியில் வந்தது: 1,411. நான் காலேஜில் இருந்தபோது ஏர்செல் விளம்பரங்களில் அந்த எண்ணை எங்கும் பார்க்கலாம். இன்னும் 1,411தான் மிச்சம் என்று ஒரு புலிக்குட்டி வந்து போகும். எங்கள் ஹாஸ்டலில் பாதிப் பேரின் ஃபேஸ்புக் ப்ரொஃபைலில் அந்த எண் இருந்தது. அறிக்கையில் இருந்தது அந்த எண் மட்டுமில்லை. 1,165க்கும் 1,657க்கும் இடையில், நடுவில் 1,411. விளம்பரத்துக்கு நடு எண் மட்டும் போதுமாக இருந்தது. இடைவெளியை யாரும் ப்ரொஃபைலில் போடவில்லை, நானும் போடவில்லை.

3,642 எப்படி 1,411 ஆனது? ஆறு வருடத்தில் 2,200 புலிகள் செத்துவிட்டன என்று எளிதாகச் சொல்லலாம். சொன்னார்கள். ஆனால் இரண்டும் வெவ்வேறு அளவுகோலால் அளந்தவை. அந்தக் குறைவில் எத்தனை புலி உண்மையாகவே வேட்டையில் போனது, எத்தனை புலி ஆரம்பத்திலிருந்தே காகிதத்தில் மட்டும் இருந்தது என்று இனிமேல் யாராலும் பிரித்துச் சொல்ல முடியாது. பழைய கணக்கினால் வந்த உண்மையான நஷ்டம் இது. மூன்று பத்தாண்டுகளில் ப்ராஜெக்ட் டைகர் எவ்வளவு சாதித்தது, எவ்வளவு இழந்தது என்ற வரலாறே அதோடு போய்விட்டது.

2010இல் எண்ணிக்கை 1,706, இடைவெளி 1,520 முதல் 1,909 வரை. ‘புலிகள் பெருகின’ என்று தலைப்புகள். ஆனால் முதல் இடைவெளியும் இரண்டாவதும் ஒன்றன்மேல் ஒன்று ஏறி நிற்கின்றன. போதாக்குறைக்கு, முதல் தடவை கணக்கில் சேராத சுந்தரவனக் காடுகள் இரண்டாம் தடவை சேர்ந்து, சுமார் 70 புலிகளைக் கொண்டுவந்தன. இடைவெளியைப் படித்தவருக்கு இது தெரியும், நடு எண்ணை மட்டும் படித்தவருக்குத் தெரியாது.

புதிய முறைக்கும் எதிர்ப்பு வந்தது. கேமரா வைக்காத காடுகளின் புலிகளைத் தடயங்களை வைத்துக் கணிக்கிறார்கள். தடயத்துக்கும் எண்ணிக்கைக்கும் உள்ள உறவு, சொல்லப்படும் அளவுக்கு நாடு முழுக்க உறுதியாக இருக்க முடியாது என்று அர்ஜுன் கோபாலசாமி, காரந்த் முதலானோர் 2015இல் ஆய்விதழில் எழுதினார்கள். வனவுயிர் நிறுவன விஞ்ஞானிகள் மறுத்து எழுதினார்கள். விவாதம் சூடாகவே நடந்தது. ஆனால் இப்போது சண்டை போடுவதற்குச் சூத்திரம் இருந்தது, தரவு இருந்தது, பிழையின் அளவு இருந்தது. தடக் காலத்தில் ‘நான் எண்ணினேன்’ என்று ஒருவர் சொல்லிவிட்டால் விவாதம் அங்கே முடிந்துவிடும்.

நல்ல மாதிரி எடுத்தால் மட்டும் புலி பிழைத்துவிடாது என்பதையும் சொல்லிவிட வேண்டும். மத்தியப் பிரதேசத்தின் பன்னா காட்டில் புலிகளுக்கு ரேடியோ காலர் மாட்டி ஆராய்ந்த ரகு சுந்தாவத், அங்கே புலிகள் மறைவதாகப் பல வருடங்கள் எச்சரித்தார். 2008இல் வந்த புதிய மதிப்பீட்டிலும் பன்னாவில் புலிகள் இருந்தன. 2009இல் ஒன்றுமில்லை என்பது உறுதியானது. நான்கு வருடத்துக்கு ஒருமுறை எடுக்கும் மாதிரி, நடுவில் உள்ள வருடங்களைப் பார்ப்பதில்லை. அங்கேயே உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்த ஒரு மனிதர் சொன்னதைக் கேட்க வேண்டிய வேலையை எந்தச் சூத்திரமும் நமக்காகச் செய்துவிடாது.

*

2018இல் கேமராவில் தனித்தனியாக அடையாளம் காணப்பட்ட புலிகள் 2,461. அறிவித்த எண் 2,967. வித்தியாசம் 506. அந்த 506 புலிகளை எந்தக் கேமராவும் பார்க்கவில்லை. அப்பாவின் ‘அறுபத்தேழு’க்கான பதில் அதில்தான் இருந்தது. அதுவும் ஒரு நடு எண், 2,603க்கும் 3,346க்கும் இடையில்.

2023இல் அடுத்த மதிப்பீடு வந்தபோது போனில் அப்பாவிடம் இதையெல்லாம் விளக்கினேன். இந்த முறை நடு எண் 3,682. குறைந்தபட்சம் 3,167, அதிகபட்சம் 3,925. படத்தில் விழுந்தவை 3,080. தமிழ்நாட்டில் 306. கல்யாண மண்டபக் கணக்கையும் சொன்னேன். தாய்மாமா இடத்தில் சிரித்தார். கடைசியில் கேட்டார்:

“ஏண்டா, பாக்காத வயலுக்கு நாங்க எழுதுனா தப்பு. பாக்காத அறுநூறு புலிக்கு இவங்க எழுதுனா அது கணக்கா?”

“அவங்க பாக்கலைன்னு எழுதியிருக்காங்கப்பா. எவ்ளோ தப்பா இருக்கலாம்னும் எழுதியிருக்காங்க. நீங்க பாத்ததாத்தானே எழுதினீங்க?”

கொஞ்ச நேரம் அந்தப் பக்கம் சத்தமில்லை. கோபமோ என்று நினைத்தேன்.

“அடங்கல்ல அதுக்குக் கட்டம் கிடையாதேடா,” என்றார்.